ஏறுவதற்கு முன் ஒரு குரல்

யாழ்ப்பாணத்துக்குத் தென்மேற்கே கடலில் கிடக்கும் நெடுந்தீவுக்கு முதன்முதலாகப் போனபோது எனக்கு எட்டு வயது. 1981 சித்திரை விடுமுறை. குறிகட்டுவான் துறையில் குமுதினி படகில் ஏற்றி, அதன் உட்பள்ளத்தில் அம்மாவின் காலடியில் என்னை உட்கார வைத்தார்கள். சுற்றிலும் அரிசிச் சாக்குகள், ஒரு கோழிக்கூடை, யாருடையதோ கழற்றிய சைக்கிள் சக்கரம், பெரியவர்களின் முழங்கால்கள். தலைக்கு மேலே நீளச்சதுரமாக ஒரு துண்டு வானம். கடல் எங்கே என்று கேட்டேன். "உனக்குக் கீழேதான் இருக்கிறது, பேசாமல் இரு" என்றார் அம்மா. டீசல் மணமும் எஞ்சின் அதிர்வும் ஒரு மணி நேரத்துக்கு மேல் நீடித்தன. பிறகு யாரோ கக்கத்தில் கை கொடுத்துத் தூக்கி, மாவிலித்துறையில் என்னை நிறுத்தினார்கள். கடலைப் பார்க்காமலே கடலைக் கடந்துவிட்டேன்.

துறையிலிருந்து அம்மம்மாவின் வளவு வரைக்கும் நடந்தோம். வளவு என்றால் வீடும் அதைச் சுற்றிய காணியும். வழி நெடுகிலும் இரு பக்கமும் மதில். மதில் என்றால் சாந்து பூசிய மதில் இல்லை. கடலிலிருந்து வந்த முருகைக்கற்களை, அதாவது பவளப்பாறைத் துண்டுகளை, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியிருந்தார்கள், அவ்வளவுதான். பெரியவர்களுக்கு நெஞ்சுயரம், எனக்குத் தலைக்கு மேல். அதனால் அந்த நாட்களில் நான் கண்ட நெடுந்தீவு என்பது ஒரு முழத்துக்குள் நின்று பார்த்த கல்தான். ஒரு கல்லில் மூளையின் மடிப்புகளைப் போல வளைந்து வளைந்து ஓடும் கோடுகள். அடுத்ததில் ஊசியால் குத்தியதுபோல நட்சத்திரத் துளைகள். இன்னொன்று தேன்கூடு. வெயில் படும் பக்கம் கறுத்து, நிழல் பக்கம் சாம்பல் நிறத்தில் பாசி உலர்ந்திருந்தது. கற்களுக்கிடையே விரல் நுழையும் இடுக்குகள்; கண்ணை வைத்துப் பார்த்தால் அடுத்த வளவின் ஒரு காசளவு தெரியும். மாலையில் சூரியன் சாய்ந்ததும் அந்த இடுக்குகள் எல்லாவற்றிலும் வெளிச்சம் ஏறி, மதில் முழுவதும் சல்லடையாகிவிடும். நான் ஒரு கல்லை உருவப் பார்த்தபோது அம்மம்மா கையைப் பிடித்தார். "ஒன்றை எடுத்தால் பத்து விழும் பிள்ளை. விழுந்ததை அடுக்க உன் மாமா வரவேண்டும்."

விடுமுறை முடிந்து யாழ்ப்பாணத்தில் வகுப்புக்குத் திரும்பியதும், தீவு எப்படி இருந்தது என்று கேட்டார்கள். கல்லாக இருந்தது என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். பின்வரிசையில் ஒருத்தி, "இவளும் தீவாரா?" என்று கேட்டாள். அந்தச் சொல்லை அன்றுதான் முதன்முதலில் கேட்டேன். குடாநாட்டில் இருப்பவர்கள் தீவுப்பகுதி மக்களைச் சொல்லும் சொல். உப்புக்காற்றில் வளர்ந்தவர்கள், நாகரிகம் எட்டாதவர்கள் என்ற பொருள் அதற்குள் சுருட்டி வைக்கப்பட்டிருக்கும். வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அம்மா சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, "யாழ்ப்பாணத்திலிருந்து பார்க்கிறவர்களுக்கு அது தீவு. எங்களுக்கு அது ஊர்" என்றார். அம்மா நெடுந்தீவு என்ற பெயரை ஒருபோதும் பயன்படுத்தியதில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. "ஊருக்குப் போகிறேன்", "ஊரிலிருந்து கருவாடு வந்திருக்கிறது". பெயர், வெளியே நிற்பவர்களுக்கானது.

இந்தக் கட்டுரையை எழுத வேண்டும் என்று பல ஆண்டுகளாக நினைத்துக்கொண்டிருந்தேன். தொலைவில் கிடக்கும் ஒரு தீவை நாம் எங்கே நின்று பார்க்கிறோமோ அந்த இடம்தான் தீவைப் பற்றி நமக்குச் சொல்லித் தருகிறது. மலையுள்ள தீவுகளில் இதை அவ்வளவு எளிதாக உணர முடியாது. அங்கே உச்சிக்கு ஏறி நின்று, இதோ முழுத் தீவு என்று சொல்லிவிடலாம். நெடுந்தீவு ஏறத்தாழ 50 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள சுண்ணக்கல் தட்டு. அதன் எந்த இடமும் கடல்மட்டத்திலிருந்து சில மீட்டருக்கு மேல் எழவில்லை. ஏறி நின்று பார்க்க அங்கே ஒரு குன்றுகூடக் கிடையாது. யாராக இருந்தாலும் எங்காவது ஓரிடத்தைத் தேர்ந்தெடுத்து, அங்கிருந்து ஒரு துண்டைத்தான் பார்க்கமுடியும்.

பதினொரு வயதில் எனக்குப் படகின் மேல்தளத்தில் இடம் கிடைத்தது. அன்று கடல் எண்ணெய் ஊற்றியதுபோல அசையாமல் கிடந்தது. முதலில் தெரிந்தவை பனைகள்தாம். அவை தரையில் நிற்கவில்லை. அடிமரமே இல்லாமல் வட்டுகள் மட்டும் வரிசையாகக் காற்றில் தொங்கின; அவற்றுக்கும் நீருக்கும் இடையே வெள்ளியாக ஒரு கீற்று வெளி. பயந்துபோய் மாமாவின் கையைப் பிடித்தேன். "கானல்தான். கிட்டப் போனதும் கால் முளைக்கும்" என்றார் அவர். பின்னாளில் பள்ளிக்கூடப் பாடத்தில் கணக்கைப் படித்தேன். கண் நீர்மட்டத்திலிருந்து 2 மீட்டர் உயரத்தில் இருந்தால் தொடுவானம் ஏறத்தாழ 5 கிலோமீட்டரில் முடிந்துவிடும். அதற்கு அப்பால் பூமியின் வளைவு தாழ்ந்ததையெல்லாம் விழுங்கிவிடுகிறது. அதே கண் 20 மீட்டர் பனையின் வட்டில் இருந்தால் தொடுவானம் 16 கிலோமீட்டருக்குத் தள்ளிப்போகிறது. அதனால்தான் கரை தெரிவதற்கு வெகுநேரம் முன்பே பனை தெரிகிறது. கடலோடிகள் எந்தப் பனையும் எந்தக் கோவில் கோபுரமும் ஒரே நேர்கோட்டில் வருகின்றன என்று பார்த்துத் தங்கள் இடத்தைக் கண்டுகொள்வார்கள். அவர்களுக்குத் தீவு என்பது ஊருமில்லை, கல்லுமில்லை. ஒன்றன்பின் ஒன்றாகப் பிடிக்கவேண்டிய அடையாளங்கள்.

அந்தப் பெயரைப் பற்றியும் எனக்கு ஒரு எண்ணம் உண்டு. வரைபடத்தில் பார்த்தால் நெடுந்தீவு அவ்வளவு நெடியதாக இல்லை. அகலத்தைவிட நீளம் சற்றுக் கூடுதல், அவ்வளவே. ஆனால் தாழ்ந்த வள்ளத்தில் உட்கார்ந்து வருபவனுக்கு அகலம் என்ற ஒன்று தெரியவே தெரியாது. முன்னே தெரிவது இடமிருந்து வலமாக இழுத்த ஒரே கோடு. தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாலும் முடியாத கோடு. அப்படி வந்த யாரோ ஒருவர்தான் இதை நெடுந்தீவு என்று அழைத்திருக்கவேண்டும் என்று நம்புகிறேன். அல்லது நெடுந்தொலைவு, நெடுவழி என்று சொல்கிறோமே, அந்த நெடுமையாகவும் இருக்கலாம். புங்குடுதீவையும் நயினாதீவையும் தாண்டி, கடைசியாகக் கிடக்கும் தீவு. எப்படியாயினும் கடலில் நின்று வைத்த பெயர். பசுத்தீவு என்று இன்னொரு பழைய பெயரும் உண்டு. அது கரையேறி, புல்வெளியில் மேய்ந்த மாடுகளைக் கண்ட ஒருவர் சொன்னதாக இருக்கும். போர்த்துக்கேயரும் தம் மொழியில் பசுக்களின் தீவு என்றே எழுதினார்கள்.

1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த ஒல்லாந்தர் மேசையில் விரித்த வரைபடத்திலிருந்து பெயர் வைத்தார்கள். தங்கள் நாட்டு நகரங்களின் பெயர்களைத் தீவுகளின்மேல் ஒவ்வொன்றாக ஒட்டினார்கள். காரைதீவு ஆம்ஸ்டர்டாம் ஆனது. வேலணை லெய்டன். அனலைதீவு ராட்டர்டாம், புங்குடுதீவு மிடில்பர்க், நயினாதீவு ஹார்லெம். நெடுந்தீவுக்கு டெல்ஃப்ட். மற்றவை பெரும்பாலும் உதிர்ந்துவிட்டன. டெல்ஃப்ட் மட்டும் இன்றும் ஆங்கில ஆவணங்களில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. அந்தப் பெயரைச் சொல்லி எந்தப் பாட்டியும் பேரப்பிள்ளையைக் கூப்பிட்டதில்லை. வடகரையில் முருகைக்கல்லால் கட்டிய கோட்டையின் இடிபாடு இருக்கிறது. இரண்டு தளம் கொண்ட கட்டிடம் அது. நான் அதற்குள் நின்றிருக்கிறேன். கடல் பக்கமிருந்து யார் வருகிறார்கள் என்பதுதான் அதைக் கட்டியவர்களின் கவலை. உள்ளே இருக்கும் ஊரைப் பார்க்க அதற்குத் தேவை இருந்திருக்காது.

அம்மம்மாவின் வீடு கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டிருந்தது. படலையைத் திறந்தால் முற்றம், முற்றத்தைத் தாண்டிக் கிணற்றடி, கிணற்றடியைத் தாண்டி வடலிகள் என்ற இளம் பனைகள். அரை மைலில் கடல் இருந்தும் வீட்டின் எந்த வாசலிலிருந்தும் அது தெரியாது. ஏன் கடலைப் பார்த்து வீடு கட்டவில்லை என்று கேட்டேன். "கடலைப் பார்த்து என்ன செய்வது? உப்புக்காற்று வந்து கதவைத் தின்னும். கிணற்றைப் பார்த்துக்கொண்டிருந்தால் பயன் உண்டு" என்றார்.

தீவைப் பற்றி அம்மம்மாவுக்குத் தெரிந்ததெல்லாம் நாக்கில் இருந்தது. எங்கள் கிணறு உவர். குளிக்க, துவைக்க, மாட்டுக்குக் காட்ட. அடுத்த வளவில் சற்றுக் கயர்ப்பு. சோறு வடிக்கலாம், தேநீருக்கு ஆகாது. சாராப்பிட்டிப் பக்கம் நல்ல தண்ணீர். அங்கிருந்து வந்த குடத்தைத் திண்ணையின் குளிர்ந்த மூலையில் மூடி வைப்பார். அந்தக் குடத்தில் செம்பை விட நான் அனுமதி கேட்கவேண்டும். யார் வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடித்தாலும், ஒரு மிடறில் அது எந்தத் திசைக் கிணறு என்று சொல்லிவிடுவார். மாரி பெய்தால் தண்ணீர் சுண்ணக்கல்லுக்குள் இறங்கி, அடியில் இருக்கும் உப்புநீரின்மேல் மெல்லிய படையாக மிதந்து நிற்கிறது. அள்ளுவதை அளவோடு அள்ளினால் நன்னீர் கிடைக்கும். ஆழமாக வெட்டினாலோ இறைத்துக்கொண்டே இருந்தாலோ கீழேயுள்ள உப்பு மேலே ஏறிவிடும். ஒரு வறட்சியில் மாமா எங்கள் கிணற்றை இன்னும் இரண்டு முழம் வெட்டினார். உவராக இருந்தது கடலாகவே மாறிவிட்டது. அம்மம்மா அவரோடு ஒரு வாரம் பேசவில்லை. நான் பிற்பாடு கண்ட எந்த வரைபடத்திலும் இந்தத் தண்ணீரின் எல்லைகளைப் பார்த்ததில்லை. அம்மம்மா படித்தது மூன்றாம் வகுப்பு. அந்த வரைபடத்தை ஒரு கோடுகூடப் பிசகாமல் வைத்திருந்தார்.

இனிச் சொல்லப்போவதை எழுதுவதற்கு எனக்குத் தயக்கம் இருந்தது. எழுதாமல் விட்டால் இந்தக் கட்டுரைக்கு அர்த்தம் இல்லை.

எங்கள் வளவில் கள்ளுச் சீவ ஒருவர் வருவார். வயதில் என் அம்மப்பாவை ஒத்தவர். எங்கள் வீட்டில் சின்னப் பையன்கள்கூட அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். அவர் எட்டு வயதான என்னை "நாச்சியார்" என்றார். எங்கள் கிணற்றில் அவர் வாளியைத் தொடக்கூடாது. தாகம் என்றால் கிணற்றடிக்கு வெளியே நின்று கை கூப்புவதுபோல் இரு கைகளையும் ஏந்துவார், அல்லது வேலியில் கவிழ்த்து வைத்திருந்த தகரப் பேணியை எடுத்துப் பிடிப்பார், மேலிருந்து ஊற்றுவார்கள். உவர் தண்ணீர்தான். திண்ணை மூலையின் நல்ல தண்ணீர் அவருக்குப் போனதை நான் பார்த்ததில்லை.

காலையில் தளைநாரைக் காலில் மாட்டி, இடுப்பில் கத்திக்கூடும் முட்டியுமாகப் பனையடிக்கு வந்ததும் அவர் நேரே ஏறமாட்டார். முதலில் நின்று ஒரு குரல் கொடுப்பார். சொல் இல்லாத, நீட்டி இழுத்த ஒரு ஓசை. சிறிது பொறுத்து இன்னொரு முறை. அதன் பிறகுதான் காலைத் தூக்குவார். ஒவ்வொரு மரத்தடியிலும் அப்படியே. ஒரு நாள் கேட்டேன்: யாரைக் கூப்பிடுகிறீர்கள்? அவர் சிரித்தார். "மேலே போனால் எல்லா வளவும் தெரியும், நாச்சியார். கிணற்றடியில் பெண்கள் குளித்துக்கொண்டிருப்பார்கள். நான் ஏறப்போகிறேன் என்று தெரிந்தால் உடுத்திக்கொள்வார்கள் அல்லவா?" வேறு என்னவெல்லாம் தெரியும் என்று விடாமல் கேட்டேன். கத்தியை மரத்தில் தீட்டிக்கொண்டே சொன்னார்: நாலு பக்கமும் கடல் தெரியும். படகு துறையைவிட்டுக் கிளம்பியதும் தெரியும், திரும்புவதும் தெரியும். தெற்கே மட்டக்குதிரைகள் எந்தத் தண்ணீர்க்குழியில் நிற்கின்றன என்று தெரியும். எந்த வீட்டில் இன்று அடுப்பு எரியவில்லை என்று தெரியும்.

எந்த வீட்டில் அடுப்பு எரியவில்லை என்று. அதை அவர் குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

ஊர் முழுவதையும் ஒரே பார்வையில் கண்ட மனிதர் அவர்போன்றவர்கள்தாம். எங்கள் ஊரோ அவர்களைத்தான் எல்லோருக்கும் கீழே நிறுத்தியிருந்தது. மேலிருந்து கண்டவற்றைக் கொண்டு அவர்கள் யாரையும் இழிவுபடுத்தியதாக நான் கேள்விப்பட்டதே இல்லை. பார்ப்பதற்கு முன்பு, பார்க்கப்போகிறேன் என்று அறிவித்தார்கள். நான் பின்னாளில் படித்த பயணிகளின் குறிப்புகளிலும் அதிகாரிகளின் பதிவுகளிலும் அந்தக் குரலைத் தேடியிருக்கிறேன். எனக்குக் கிடைக்கவில்லை.

1985 மே 15. காலையில் நெடுந்தீவிலிருந்து புறப்பட்ட குமுதினி நடுக்கடலில் மறிக்கப்பட்டு, பயணிகள் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். பெண்களும் குழந்தைகளும் அதில் உண்டு. எங்கள் உறவினர் யாரும் அன்று அந்தப் படகில் இல்லை. எங்கள் வீட்டில் அழாதவர்களும் இல்லை. எனக்குப் பன்னிரண்டு வயது. செய்தியைக் கேட்டதும் மனதில் வந்தது அந்த உட்பள்ளமும், தலைக்குமேல் தெரிந்த அந்த நீளச்சதுர வானமும்தான். அதற்குப் பிறகு அம்மா எங்களை ஊருக்கு அழைத்துப்போகவில்லை. படகைப் பழுதுபார்த்து மறுபடியும் ஓட்டினார்கள்; வேறு வழி இல்லாதவர்கள் அதிலேயே ஏறினார்கள். ஆண்டுதோறும் அந்த நாளில் தீவில் விளக்கேற்றுகிறார்கள். கடல் ஒரு வழி என்றிருந்தது போய், கடல் ஒரு வெளி என்றாயிற்று. அதில் நின்றால் எல்லோருக்கும் தெரியும், ஒளிய இடமில்லை.

அம்மம்மா 1987இல் எங்களோடு வந்துவிட்டார். யாழ்ப்பாணத்து வீட்டில் தினமும் காலையில் ஒரு மிடறு தண்ணீரை வாயில் வைத்துக்கொண்டு யோசிப்பார். "இது எங்கேயும் இல்லாத தண்ணீர்" என்பார். 1994இல் இறந்தார். ஊரில் அடக்கம் செய்ய வேண்டும் என்று ஆசைப்பட்டார். அன்றைய நிலைமையில் கடலைக் கடக்க முடியவில்லை.

1997 முதல் சில ஆண்டுகள் நான் சென்னையில் இருந்தேன். வளசரவாக்கத்தில் பக்கத்து வீட்டு அம்மா சொந்த ஊர் எது என்று கேட்டார். யாழ்ப்பாணம், அம்மா பக்கம் நெடுந்தீவு என்றேன். "நெடுந்தீவா? நம்ம மீனவர்களைப் பிடிக்கிற இடமாச்சே" என்று சொல்லிவிட்டு, என் முகத்தைப் பார்த்துப் பதறிப்போய்க் கையைப் பிடித்துக்கொண்டார். அவர்மேல் ஒரு தவறும் இல்லை. தமிழ்நாட்டுச் செய்தித்தாள்களில் அந்தப் பெயர் எப்போதும் ஒரே சொல்லோடுதான் வரும்: "நெடுந்தீவு அருகே". நெடுந்தீவு அருகே மீன்பிடித்துக்கொண்டிருந்தபோது, நெடுந்தீவு அருகே எல்லை தாண்டியதாக, நெடுந்தீவு அருகே படகுகள் பறிமுதல். நெடுந்தீவில் என்று ஒரு செய்தியைக்கூட நான் அங்கிருந்த ஆண்டுகளில் படிக்கவில்லை. மனிதர் வாழாத ஒரு கடல் அடையாளமாகவே அது கோடிப் பேருக்கு அறிமுகமாகியிருக்கிறது.

அந்த "அருகே"யைத் தீவின் மேற்குக் கரையில் நின்று நான் 2012இல் பார்த்தேன். இருட்டியதும் தொடுவானத்தில் விளக்குகள் வரிசையாக ஏறின. மேற்கே ஒரு நகரம் முளைத்ததுபோல இருந்தது. என்னோடு நின்ற மீனவர் ஒருவர், "இன்று எங்கள் வலையைக் கடலில் விடமாட்டோம்" என்றார். இந்தியப் பக்கத்து இழுவைப்படகுகள் வாரத்தில் மூன்று நாட்கள் வரும், அந்த நாட்களில் விட்ட வலை திரும்பாது என்றார். இழுவைமடி கடலடியைச் சுரண்டிக்கொண்டு போகும்போது சிறு மீனவர்களின் வலைகளும் அதோடு போய்விடுகின்றன. இலங்கையில் 2017இல் அடியிழுவை முறையைச் சட்டத்தால் தடைசெய்தார்கள். 1974இல் இரண்டு அரசுகளும் பாக்கு நீரிணையில் கோடு கிழித்தபோது, அந்தக் கோட்டின் மேல் இரவில் நிற்கப்போகிறவர்களின் கண் யாருக்கும் இல்லை. இராமேஸ்வரத்திலிருந்து கூலிக்கு வந்து அந்தத் தளத்தில் நிற்கும் இளைஞனுக்கு எங்கள் ஊர் என்பது இருட்டில் ஒரு கறுத்த கோடு. கிட்டப் போனால் சிறை. எங்கள் கரையில் நிற்பவருக்கு அவன் ஒரு விளக்கு. பசித்த வயிறு உள்ள மனிதன் அல்ல. இரண்டு பக்கமும் தமிழ்தான் பேசுகிறார்கள். இதைச் சொல்லும்போது எனக்குத் தொண்டை அடைக்கிறது. இதில் ஒரு பக்கம் முழுக்கச் சரி என்று என்னால் சொல்ல முடியாது. ஆனால் வலையை இழந்தவரின் பக்கத்தில் நான் நின்று பார்த்திருக்கிறேன். அந்த அழிவு கண்ணுக்கு முன்னால் கிழிந்து கிடந்தது.

இப்போது கைபேசியிலேயே செயற்கைக்கோள் படம் கிடைக்கிறது. தூக்கம் வராத இரவுகளில் நான் அதில் ஊருக்குப் போய்வருகிறேன். வெளிர்நீலக் கடற்படுகை, வடக்கே கரும்பச்சைப் பனங்காடு, தெற்கே வெளுத்த புல்வெளி. இன்னும் கீழே இறங்கினால் நரம்புபோல மெல்லிய சாம்பல் கோடுகள் தெரியும். அவை அந்த மதில்கள். எட்டு வயதில் கண்ணுக்குப் பக்கத்தில் தேன்கூடும் மூளை மடிப்பும் நட்சத்திரமுமாக இருந்தவை, பெரியவளானபின் தம் மேல்விளிம்புக்கு மேலாகக் காட்டிய வளவுகளும் வழிகளுமாக இருந்தவை, மேலிருந்து பார்க்கும்போது வலையாகிவிட்டன. எத்தனை தலைமுறையின் கை அந்த வலையைப் பின்னியிருக்கும்! அதைப் பார்த்து நான் உண்மையில் வியந்தேன். மதிலுக்குள் இருந்த யாரும் இதை இப்படிக் கண்டதில்லை. அதே நேரம் எந்தக் கோட்டுக்கு அப்பால் யார் நிற்கவேண்டியிருந்தது என்பதை அந்தப் படம் சொல்லாது. எந்த வளவில் உவர், எந்த வளவில் நல்ல தண்ணீர் என்பதும் அதில் இல்லை. அடுப்புப் புகையும் இல்லை.

இந்த நாட்களில் காலைப் படகில் சுற்றுலாப் பயணிகள் நிறைய வருகிறார்கள். துறையிலேயே சிறு லொறியோ ஓட்டோவோ பிடித்து, கோட்டை, பெருக்குமரம், வளரும் கல், புறாக்கூடு, குதிரைகள் என்று வரிசையாகப் பார்த்துவிட்டு மாலைப் படகில் போய்விடுகிறார்கள். 2015இல் குதிரைகள் மேயும் பகுதியைத் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள். புல்வெளியில் காற்றில் பிடரி பறக்க நிற்கும் மட்டக்குதிரையைப் படம் எடுத்தவர்கள் அந்த அழகை வீட்டுக்குக் கொண்டுபோகிறார்கள், அது அழகுதான். வறட்சி மாதங்களில் அதே குதிரைகள் தண்ணீர்க்குழி வற்றி, நாக்கு வெளியே தள்ள, வளவுகளின் படலையில் வந்து நிற்பதை அவர்கள் பார்ப்பதில்லை. தம் குடத்தையே எண்ணி ஊற்றும் வீடுகள் அவற்றுக்கும் ஒரு தொட்டி ஊற்றுவதையும் பார்ப்பதில்லை. நல்ல வெயில் நாளில் வருபவருக்குத் தீவு ஒரு மணி நேரத் தூரம். சோளகக் காற்று அடித்துக் கடல் புரளும் நாளில், இரவில் பிரசவ வலி கண்ட பெண்ணுக்கு அது எத்தனை மணி நேரம் என்று யாரும் சொல்லமுடியாது. காற்று எழும்பினால் தூரம் கூடும். இதைத் துறையில் காத்திருப்பவர்கள் அறிவார்கள். பயணக் குறிப்பில் கிலோமீட்டர் மட்டும்தான் இருக்கும்.

சென்ற சித்திரையில் என் மகனை அழைத்துக்கொண்டு போனேன். பதினாறு வயது. அம்மம்மாவின் வீட்டுக்குக் கூரை இல்லை. நான்கு சுவரும், உள்ளே ஆளுயர எருக்கும். துலா இருந்த இடத்தில் கல்லுக்கால் மட்டும் நின்றது. மதில் பாதி சரிந்து கிடந்தது. அடுக்க மாமா இல்லை. நான் சரிந்த கற்களில் ஒன்றைக் கையில் எடுத்து அந்த நட்சத்திரத் துளைகளைத் தடவிக்கொண்டிருந்தேன். மகன் ஊரைப் படம் எடுக்க நல்ல உயரம் வேண்டுமென்று சுவரில் ஏறிவிட்டான். கைபேசியைத் தலைக்குமேல் பிடித்துச் சுற்றிச் சுழன்றான். "அம்மா, கடல் தெரிகிறது" என்றான்.

பக்கத்து வளவிலிருந்து ஒரு பெண்குரல் வந்தது. "யாரடா மேலே? ஏறுவதற்கு முன் குரல் கொடுக்கமாட்டாயா?"

எனக்கு உடல் சிலிர்த்தது. அவனை இறங்கச் சொன்னேன். சரிந்த மதிலின் இடைவெளி வழியே, நனைந்த தலையைத் துவாயால் சுற்றிக்கொண்டு ஒரு மூதாட்டி வந்தார். எழுபதைத் தாண்டியிருப்பார். யார் பிள்ளைகள் என்று கேட்டார். அம்மம்மாவின் பெயரைச் சொன்னேன். என்னைச் சிறிது நேரம் பார்த்தார். பிறகு தன் தந்தையின் பெயரைச் சொன்னார். நாங்கள் சிறுவயதில் மரியாதையின்றிக் கூப்பிட்ட அதே பெயர். அந்தப் பக்கத்து வளவைத் தாங்கள் வாங்கி இருபது ஆண்டுகள் ஆகின்றன என்றார்.

"வெயிலில் நிற்கவேண்டாம், உள்ளே வாருங்கள் தங்கச்சி" என்றார். மகன் மன்னிப்புக் கேட்டான். "பரவாயில்லை தம்பி, இனிமேல் ஒரு சத்தம் கொடு" என்று அவன் தோளைத் தட்டினார். திண்ணையில் உட்கார்ந்தோம். மூலையில் மூடி வைத்திருந்த குடத்திலிருந்து செம்பில் தண்ணீர் கொண்டுவந்து தந்தார். இரு கைகளாலும் வாங்கிக்கொண்டேன். எங்கள் வீட்டிலிருந்து ஒருவர் அவர்கள் வீட்டில் தண்ணீர் குடிப்பது இதுதான் முதல் தடவை என்பது இருவருக்கும் தெரிந்திருந்தது. இருவரும் அதைப் பேசவில்லை.

ஒரு மிடறை வாயில் வைத்துக்கொண்டேன். உவர் இல்லை. கயர்ப்பும் இல்லை.

"சாராப்பிட்டித் தண்ணீரா, அக்கா?" என்றேன்.

"இல்லை" என்று சொல்லிவிட்டு, வடலிகளுக்குப் பின்னால் கையை நீட்டினார். "அதோ, எங்கள் கிணறு. அப்பா மரத்தின்மேல் இருந்து பார்த்து, பச்சை வாடாத இடம் அதுதான் என்று சொல்லி வைத்திருந்தார்."